கலைவாணருக்கு அரங்கம் இருக்கிறது, மதுரத்துக்கு?

(திருச்சியில் நடந்த கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நான் காவிரிப் பாலத்துக்கு அந்தப் பக்கம், திருவரங்கத்திலிருந்து வருகிறேன். எங்கள் ஊர் என்றதும் பலரும் ரங்கநாதரைச் சொல்வார்கள். நம் தோழர்கள் ராஜகோபுரத்துக்கு எதிரே நிற்கும் பெரியார் சிலையைச் சொல்வார்கள். அங்கே பிறந்த டி.ஏ. மதுரத்தின் பெயரை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

நான் வீதி நாடகம் போடுகிறவள். முதல் நாடகம் முடிந்து முகச்சாயத்தோடு வீட்டுக்குள் நுழைந்தபோது, உறவுக்காரர் ஒருவர் என்னைக் ‘கூத்தாடி’ என்றார். என்னோடு நடித்த பையனை ‘நல்ல கலைஞன்’ என்றார். அன்றைக்குத்தான் மதுரத்தைத் தேட ஆரம்பித்தேன்.

‘பொம்பள சிரிச்சா போச்சு, பொகையில விரிச்சா போச்சு’ என்று பழமொழி சொல்லி வளர்த்த ஊர் நம்முடையது. பாய்ஸ் கம்பெனிகளில் பெண் வேடத்தையும் பையன்களே போட்டார்கள். மேடையேறிய பெண்ணின் ஒழுக்கத்தை ஊரே விசாரித்தது. அந்தக் காலத்தில் சிரிக்க வைப்பதையே தொழிலாகக் கொண்டவர் மதுரம். 1935இல் ‘ரத்னாவளி’. 1936இல் என்.எஸ். கிருஷ்ணனோடு ‘வசந்தசேனா’. அதன்பின் இருபது ஆண்டுகள் இருவரும் சேர்ந்து நடித்தார்கள், சொந்தக் குரலில் பாடினார்கள். அவர் அளந்துவிடுவார், இவர் குறுக்கே ஒரு கேள்வி கேட்பார். கொட்டகை சிரிப்பது அந்தக் கேள்விக்குத்தான்.

1944 டிசம்பரில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கலைவாணர் கைதானார். லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1947 ஏப்ரலில்தான் விடுதலை. இடைப்பட்ட காலத்தில் நாடகக் குழு பட்டினி கிடக்காமல் பார்த்துக்கொண்டவர் யார்? எஸ்.வி. சகஸ்ரநாமத்தோடு சேர்ந்து அதை நடத்தியவர் மதுரம். அவர்கள் மேடையேற்றிய ‘பைத்தியக்காரன்’ 1947இல் படமும் ஆனது. வழக்குக்குப் பணம் திரட்ட அலைந்தவரும் அவர்தான். இதை ‘கணவனுக்காகப் பாடுபட்ட மனைவி’ என்று எழுதி முடித்துவிடுகிறோம். ஒரு கம்பெனியை நடத்திய நிர்வாகி என்று எழுதுவதில்லை.

1956இல் வந்த ‘மதுரை வீரன்’ படத்தை மறுபடி பாருங்கள். அருந்ததிய மக்கள் தங்கள் வீரனாகக் கொண்டாடுகிறவரை, படம் அரசன் பெற்ற பிள்ளை ஆக்குகிறது. எடுத்து வளர்த்த செருப்புத் தைக்கும் தம்பதியாகக் கலைவாணரும் மதுரமும் நடித்தார்கள். பெருமையெல்லாம் பெற்ற ரத்தத்துக்கு. பாலும் சோறும் ஊட்டியவர்கள் சிரிப்புக் காட்சிக்கு. வளர்த்த கையை ஓரமாக நிறுத்துகிற இந்தச் சாதிக் கணக்கை நாம் கண்டிக்கிறோம். சரிதான். ஆனால் மதுரத்தின் விஷயத்தில் அதே கணக்கைத்தானே நாமும் போட்டோம்?

1957இல் கலைவாணர் மறைந்தார். மதுரம் 1974 வரை இருந்தார். அந்தப் பதினேழு ஆண்டுகளைப் பற்றி நம் மேடைகளில் ஒரு வரி பேசியிருக்கிறோமா? சென்னையில் கலைவாணர் அரங்கம் நிற்கிறது. நிற்கட்டும், அவர் அதற்குத் தகுதியானவர். அந்தச் சிரிப்பில் சரிபாதி உழைப்பு இன்னொருவருடையது என்பதையும் சொல்ல வேண்டும்.

இளம் தோழர்களிடம் கேட்பது ஒன்றுதான். அடுத்த முறை கலைவாணரைப் பற்றிப் பேசும்போது ‘அவருடைய ஜோடி’ என்று சொல்லிக் கடந்து போகாதீர்கள். ஊர்ப் பெயரோடு தனியாகச் சொல்லுங்கள்: திருவரங்கத்து மதுரம்.