மெக்சிகோவில் ஒரு மல்யுத்த இரவு

(காரவள்ளியில் நடைபெற்ற முன்னாள் மாணவர் ஒன்றுகூடலில், இயந்திரவியல் துறையில் 2011-ஆம் ஆண்டு படிப்பை முடித்த பொறியாளர் ஒருவர் ஆற்றிய உரை)



'வெளிநாட்டில் வேலைவாய்ப்பு' என்ற தலைப்பில் பேசச் சொல்லித்தான் செயலாளர் அண்ணன் எனக்குக் கடிதம் போட்டிருந்தார். அதைப் பற்றிப் பேச என்னைவிடத் தகுதியானவர்கள் இந்தப் பந்தலிலேயே நாலைந்து பேர் இருக்கிறார்கள். தவிர, நாளைக் காலை இந்தக் காரவள்ளி அடிவாரத்திலிருந்து 70 கொண்டை ஊசி வளைவும் ஏறிக் கொல்லிமலையைச் சுற்றிப் பார்க்கப் போகிற கூட்டத்துக்கு விசா விவரம் சொல்வது பெரிய பாவம். ஆகவே, நான் வெளிநாட்டில் கைடு பின்னால் நடந்துபோன ஒரு சாயங்காலத்தைப் பற்றிச் சொல்கிறேன். அண்ணன் மன்னிக்க வேண்டும்.

2023-ல் கெரேத்தாரோ என்ற ஊரில் ஒரு வாகன உதிரிபாக ஆலைக்கு இயந்திரம் நிறுவ எங்கள் நிறுவனம் என்னை அனுப்பியது. என் வகுப்புத் தோழன் ஒருவனும் கூட வந்தான். பெயர் சொன்னால் அடிப்பான், இங்கேதான் மூன்றாவது வரிசையில் இருக்கிறான். ஒரு வெள்ளிக்கிழமை இருவரும் மெக்சிகோ நகரத்துக்குப் போனோம். அங்கே 'லூச்சா லீப்ரே' என்ற முகமூடி மல்யுத்தம் பார்க்க, வெளியூர்க்காரர்களைக் கூட்டிப்போகும் மாலைச் சுற்றுலா ஒன்று உண்டு. டிக்கெட், கைடு, வழியில் கொஞ்சம் சாப்பாடு, ஆளுக்கு ஒரு முகமூடி, எல்லாம் சேர்த்து ஒரே கட்டணம். நேராகப் போய் ஜன்னலில் டிக்கெட் வாங்கினால் இதில் ஒரு பங்குதான் ஆகும். இருந்தாலும் கைடு வைத்துக்கொண்டது நல்லதாயிற்று. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

நம் தலைமுறைக்கு இந்த ஆட்டம் முற்றிலும் புதிதல்ல. பள்ளிக்கூடத்தில் டெஸ்க்குக்கு அடியில் மல்யுத்த வீரர் சீட்டு விளையாடாதவர் இங்கே யாராவது உண்டா? அண்டர்டேக்கர் சீட்டு வந்தால் ராஜயோகம். அதில் முகமூடி போட்ட ஒரு குள்ளமான ஆள் வருவார், ரே மிஸ்டீரியோ. எடையில் தோற்றுவிடும் சீட்டு அது. ஆனால் அதைக் கொடுக்க மனசு வராது. அவர் பிறந்தது அமெரிக்காவில் என்றாலும் வித்தை முழுக்க மெக்சிகோ வித்தை. எங்கள் அப்பாருக்கோ தாரா சிங், கிங் காங் என்றால் உயிர். இரண்டு பேரும் மோதினார்கள் என்று ஆரம்பித்தால் சோறு ஆறிப்போகும் வரை நிறுத்த மாட்டார்.

கைடு இருபத்தைந்து வயசுப் பெண். பதினாலு பேர் சேர்ந்ததும் ஒரு டாக்கோ கடையில் உட்காரவைத்து, ஆட்டத்தின் இலக்கணத்தைச் சொல்லிக்கொடுத்தாள். மல்லர்களில் இரண்டு சாதி. விதிப்படி, அழகாக ஆடுகிறவர்கள் 'டெக்னிக்கோ'. விதியை மீறி, நடுவர் அந்தப் பக்கம் திரும்பும்போது கண்ணைக் குத்துகிறவர்கள் 'ரூடோ'. மூன்று சுற்றில் இரண்டு ஜெயிக்க வேண்டும். பெரும்பாலும் ஓர் அணிக்கு மூவர். எதிராளியின் முகமூடியைக் கழற்றினால் தகுதி நீக்கம். இதையெல்லாம் சொல்லிவிட்டு, "ஏதாவது ஒரு கட்சியில் சேர்ந்துகொண்டுதான் உள்ளே வரவேண்டும். சும்மா உட்கார்ந்து பார்க்கிறவர்களை நான் கூட்டிப்போவதில்லை" என்றாள். முகமூடிக்காரரிடம் நிஜப்பெயர் கேட்கக் கூடாது, மூடியைத் தொடக் கூடாது என்றும் கண்டிப்பாகச் சொன்னாள். நான் டெக்னிக்கோ கட்சி. என் நண்பன் ரூடோ கட்சி. ஹாஸ்டல் மெஸ்ஸில் அவனைப் பார்த்தவர்களுக்கு இதில் ஆச்சரியம் இருக்காது.

நாங்கள் போன அரங்கத்துக்கு அரேனா மெக்சிகோ என்று பெயர். 1956-ல் திறந்தது. சுமார் 16,500 பேர் உட்காரலாம். 1968 ஒலிம்பிக்கின் குத்துச்சண்டைப் போட்டிகளும் அங்கேதான் நடந்தன. அதை நடத்தும் நிறுவனத்தை சால்வதோர் லுத்தெரோத் என்பவர் 1933 செப்டம்பர் 21-ல் ஆரம்பித்தார். இன்றும் நடந்துகொண்டிருக்கிறது. 2018-ல் மெக்சிகோ நகர அரசு இந்த மல்யுத்தத்தைத் தன் பண்பாட்டுச் செல்வங்களில் ஒன்றாக அறிவித்தது. வாசலில் திருவிழாக் கடைபோல வரிசையாக முகமூடிகள் தொங்குகின்றன. அப்பன் தோளில் உட்கார்ந்திருக்கும் இரண்டு வயசுக் குழந்தைக்குக்கூட ஒன்று மாட்டியிருந்தது.

உள்ளே நடந்ததை நான் வர்ணித்துக் கட்டுப்படியாகாது. எனக்கு முன் வரிசையில் எழுபது வயசுப் பாட்டி ஒருத்தி. நம் ஊர்ச் சந்தையில் காய் விற்கும் அம்மாவைப் போல அமைதியான முகம். மணி அடித்ததும் எழுந்து நின்று ஒரு ரூடோவைத் திட்ட ஆரம்பித்தாள் பாருங்கள்! அவனும் ஆட்டத்தை விட்டுவிட்டு வேலியோரம் வந்து, இடுப்பில் கை வைத்துக்கொண்டு, அவளுக்குப் பதில் சொன்னான். அந்தச் சமயம் எதிராளி பின்னாலிருந்து வந்து அவன் முதுகில் ஒன்று வைத்தான். பாட்டி என் பக்கம் திரும்பி, நான் சும்மா இருப்பதைப் பார்த்து, தோளைத் தட்டினாள். எனக்குத் தெரிந்த ஸ்பானிஷ் முழுவதும் ஆலைப் பாதுகாப்பு விதிகள்தான். ஆகவே தமிழிலேயே கத்தினேன். "விடாத, அமுக்குடா அவனை!" பாட்டிக்கு முழுத் திருப்தி.

பெண்களும் ஆடினார்கள். மெக்சிகோ நகரில் பெண்கள் மல்யுத்தத்துக்குப் பல ஆண்டுகள் இருந்த தடை 1986-ல்தான் நீங்கியது. அன்றைக்கு மிகவும் சுத்தமான ஆட்டம் அவர்களுடையதுதான் என்பது என் அபிப்பிராயம். நண்பன் ஒத்துக்கொள்ள மாட்டான்.

இனி, நீங்கள் எல்லோரும் கேட்கத் துடிக்கிற கேள்வி. இடைவேளையில் நண்பனும் அதைத்தான் கேட்டான். "டேய், இதெல்லாம் பேசி வச்சுக்கிட்டு அடிக்கிறதுதானே?" நான் கைடிடம் ஆங்கிலத்தில் கேட்டேன். அவள் கோபப்படவில்லை. "உங்கள் ஊரில் நாடகம் பார்க்கும்போது நடுவில் எழுந்து இப்படிக் கேட்பீர்களா?" என்றாள்.

நியாயம்தான். நம் பக்கத்துத் திரௌபதை அம்மன் கோயில் கூத்தில் துரியோதனன் தொடை உடையப் போகிறது என்பது ஊருக்கே தெரியும். தெரிந்தும் விடிய விடிய உட்கார்ந்திருக்கிறோம். ஆனால் ஒரு பொறியாளனுக்கு இந்தப் பதில் பாதிதான். மீதியை நான் கணக்குப் போட்டேன். மேல்கயிற்றில் ஏறி நின்று மேடைக்கு வெளியே பாய்கிறார்கள். அங்கிருந்து தரைக்குச் சுமார் இரண்டரை மீட்டர். காற்றுத் தடையை விட்டுவிட்டால் தரையைத் தொடும்போது வேகம் நொடிக்கு 7 மீட்டர், அதாவது மணிக்கு 25 கிலோமீட்டர். ஓடுகிற மொபெட்டிலிருந்து விழுவது போல. மேடை என்பது எஃகுச் சட்டம், பலகை, மெல்லிய மெத்தை, மேலே கான்வாஸ். அவ்வளவே. முதுகு முழுவதும் ஒரே சமயத்தில் படும்படி, கைகளை விரித்துத் தரையை அறைந்தபடி விழுகிறார்கள். அடி ஒரே இடத்தில் இறங்காமல் பரப்பளவில் பிரிகிறது. முதலாம் ஆண்டில் நாம் படித்த அழுத்தச் சூத்திரத்தைத் தவிர அதில் வேறு மாயம் இல்லை. ஆனால் அதை உடம்புக்குக் கற்றுக்கொடுக்க வருஷக்கணக்கில் ஆகிறது. கூடவே இன்னொன்று. மெக்சிகோ நகரம் கடல் மட்டத்திலிருந்து 2,240 மீட்டர், ஏறக்குறைய நம் ஊட்டி உயரம். ஊட்டியில் படியேறினாலே நமக்கு இரைக்கிறது. அவர்கள் அங்கே பல்டி அடிக்கிறார்கள்.

முடிவைப் பேசி வைத்துக்கொள்ளலாம், விழுவதைப் பேசி வைத்துக்கொள்ள முடியாது. 2015 மார்ச் 20-ஆம் தேதி இரவு திகுவானா நகரில் ஒரு பந்தயம். பெர்ரோ அகுவாயோ இளையவர் என்ற வீரர், வயது 35, அவர் தந்தையும் பேர்பெற்ற மல்லர். எதிரணியில் நம் சீட்டுக்கட்டு ரே மிஸ்டீரியோ. ஓர் உதையில் அகுவாயோ கயிற்றின் மேல் சரிந்தார். அசையவில்லை. சுற்றியிருந்தவர்கள் உடனே உணரவில்லை. சிறிது நேரம் ஆட்டம் தொடர்ந்து நடந்தது. மயங்கியது போல நடிப்பதும் அந்தக் கலையில் ஒரு பாடம் அல்லவா? கழுத்தெலும்பு முறிந்திருந்தது. மருத்துவமனைக்குக் கொண்டுபோயும் பிழைக்கவில்லை. யாரும் வேண்டுமென்று செய்ததல்ல. இதைக் கைடு சொல்லி முடித்தபோது என் நண்பன் கையிலிருந்த பொரியைக் கீழே வைத்துவிட்டான். அதற்குப் பிறகு அவன் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை.

முகமூடி விஷயமும் அப்படித்தான். சில பெரிய பந்தயங்களில் இருவரும் தங்கள் முகமூடியையே பணயம் வைக்கிறார்கள். தோற்றவர் அத்தனை பேர் முன்னிலையில் கழற்ற வேண்டும். தன் சொந்தப் பெயர், ஊர், எத்தனை வருஷமாக ஆடுகிறார் என்பதைச் சொல்ல வேண்டும். மறுநாள் பத்திரிகையில் முகம் வரும். அந்த மூடியை மறுபடி போட முடியாது. யார் தோற்பது என்று முன்பே தீர்மானித்திருந்தாலும், அந்த மனிதன் இழப்பது இழப்புதானே?

இந்த மரியாதையை ஊட்டியவர்களில் முதன்மையானவர் எல் சாந்தோ, வெள்ளி முகமூடிக்காரர். 1942-ல் அந்தப் பெயரில் இறங்கியவர். ஐம்பதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர். படத்தில் இரத்தக் காட்டேரியோடு சண்டை போடும்போதும் மூடியைக் கழற்ற மாட்டார். 1984-ல், இறப்பதற்குச் சில நாள் முன்பு, ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் அதைக் கொஞ்சம் தூக்கி முகம் காட்டினார். பிப்ரவரி 5-ல் காலமானார். மூடியோடுதான் அடக்கம் செய்தார்கள். 1987-ல் நம் எம்.ஜி.ஆரைத் தொப்பியும் கறுப்புக் கண்ணாடியுமாக ராஜாஜி மண்டபத்தில் கிடத்தியிருந்ததைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

1985 பூகம்பத்துக்குப் பின் வீடிழந்த வாடகைக் குடிகளுக்காக, 1987-ல் சூப்பர்பாரியோ என்று ஒருவர் சிவப்பும் மஞ்சளுமாக மல்லர் வேஷத்தில் கிளம்பினார். வீட்டைக் காலி செய்ய வருகிறவர்கள் முன்னால் போய் நிற்பார். அதிகாரிகளோடு பேச்சுவார்த்தைக்கும் முகமூடியோடுதான் போவார். அந்த ஊரில் அது சிரிப்புக்கு உரிய காரியமாக இல்லை.

கைடு வைத்தது நல்லதாயிற்று என்றேனே, அதற்கு வருகிறேன். எங்கள் குழுவில் ஒரு ஆள், முகமூடியைத் தலையில் தொப்பி மாதிரி மாட்டிக்கொண்டு, கயிற்றில் கால் தடுக்கிய ஒரு வயசான வீரரைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தான். கைபேசியில் படம் வேறு. அந்தப் பெண் எழுந்து போய் அவன் பக்கத்தில் உட்கார்ந்து, தாழ்ந்த குரலில், "திட்டுவதென்றால் எழுந்து நின்று திட்டுங்கள், அவருக்கு அது சம்பளம். சிரிக்காதீர்கள்" என்றாள். காசு கொடுத்த வாடிக்கையாளரிடம் இப்படிச் சொல்கிற தைரியம் எத்தனை கைடுக்கு வரும்? கொல்லிமலையில் ஆடி 18-க்கு வல்வில் ஓரி விழா நடக்கும்போது, செம்மேட்டில் மலைவாழ் மக்கள் ஆடுவதைப் பார்க்க வெளியூர்க் கூட்டம் வருகிறது. அதிலும் இரண்டு ரகத்தையும் நான் பார்த்திருக்கிறேன். தாளம் பிடித்துக் கை தட்டுகிறவர்கள் ஒரு பக்கம். முதுகைக் காட்டி நின்று தன்னைப் படம் எடுத்துக்கொள்கிறவர்கள் ஒரு பக்கம். அங்கே நடுவில் போய் உட்கார ஆள் இல்லை.

ஆட்டம் முடிய இரவு பதினொன்று ஆகிவிட்டது. பக்கவாசலில் சிறுவர்கள் காத்திருந்தார்கள். நாங்களும் நின்றோம். நான் தொண்டை வலிக்கக் கத்தி ஆதரித்த டெக்னிக்கோ வெளியே வந்தார். சாதாரணச் சட்டை, சக்கரம் வைத்த பெட்டி, தலையில் மட்டும் மூடி. பிள்ளைகளோடு குனிந்து நின்று படம் எடுத்துக்கொண்டார். பிறகு தெருமுனை வரை போனார். விளக்குக் கம்பத்தைத் தாண்டியதும், யாரும் பார்க்கவில்லை என்று நினைத்தாரோ என்னவோ, வலது காலை இழுத்து இழுத்து நடந்தார். ஒரு பழைய காரில் பெட்டியை ஏற்றி, மூடியோடே உட்கார்ந்து ஓட்டிக்கொண்டு போனார்.

செயலாளர் அண்ணன் கைக்கடிகாரத்தைக் காட்டுகிறார்.