மலைப்பூ பறித்த சிறுவனின் காசு

பெங்களூரின் காக்ஸ் டவுனில் தமிழர் கூடும் அவையில் கன்னட நடிகர் புனித் ராஜ்குமாரின் பெயரைச் சொன்னவுடன் கைதட்டல் எழுவது இயல்பே. ஆனால் அக்கைதட்டல் 2002-இல் வெளிவந்த ‘அப்பு’வின் நாயகனுக்கே போய்ச் சேருகிறது என்பதும், பத்து வயதில் தேசிய விருது பெற்ற சிறுவன் அந்த ஆரவாரத்தில் மறைந்துபோகிறான் என்பதும் வருத்தத்துக்குரியவை. 1975-இல் சென்னையில் பிறந்து, கைக்குழந்தையாகவே திரைக்கு வந்த அவர், ‘பாக்யவந்தா’வில் (1981) தமிழர் நன்கறிந்த டி. ஜி. லிங்கப்பாவின் இசையில் தம் சொந்தக் குரலிலேயே பாடினார். அதற்காகவும் இந்த அவை ஒருமுறை கைதட்டலாம்.

தந்தையான நடிகர் ராஜ்குமாரின் புகழே மகனுக்கு விருதாயிற்று என்று பேசித் திரிவோர் அன்றும் இருந்தனர், இன்றும் இருக்கின்றனர். அவர்கள் அவ்விருதைப் பெற்றுத்தந்த ‘பெட்டத ஹூவு’வை, அதாவது ‘மலைப்பூ’ என்னும் அந்த 1985-ஆம் ஆண்டுப் படத்தை, முழுதாகப் பார்த்தவர்கள் அல்லர். ராஜ்குமார் நடிக்காத அப்படத்தை, என். லக்ஷ்மிநாராயண் என்னும் இயக்குநர் அச்சிறுவனின் முகத்தை நம்பியே எடுத்தார். அம்முகம் அவரைக் கைவிடவில்லை. கன்னடக் கவிஞர் குவெம்புவின் ‘ஸ்ரீ ராமாயண தரிசனம்’ நூலை வாங்குவதற்காக மலைப்பூக்களைப் பறித்து விற்றுக் காசு சேர்க்கும் ஏழைச் சிறுவனின் சேமிப்பு, இறுதியில் நூலுக்குப் போகாமல் குடும்பத்தின் தேவைக்கே போய்விடுகிறது. குழந்தை நட்சத்திரங்கள் எத்தனையோ பேரின் வாழ்க்கைக் கணக்கும் இதுவேயாகும்.

பிரான்சில் 1959-இல் ‘நானூறு அடிகள்’ படத்தில் நடித்த சிறுவன் ழான்-பியர் லெயோவை, இயக்குநர் த்ருஃபோ அதே பாத்திரத்தில் 1979 வரை வளரவளரப் படமாக்கினார். இங்கோ மீசை அரும்பும் பருவத்தில் இடமில்லை: புனித்தே 1989-க்குப் பின் நாயகனாகத் திரும்பப் பதின்மூன்று ஆண்டுகள் ஆயின. அவருக்குத் திரும்பிவர ஒரு வீடும் ஒரு படநிறுவனமும் இருந்தன. ஒரே படத்தில் ஊரையே அழவைத்துவிட்டு, அடுத்த அழைப்பு வராமலே வளர்ந்துவிட்ட, பெயர் தெரியாத அந்தப் பிள்ளைக்கு என்ன இருந்தது?

அப்பிள்ளையை எண்ணியே, பதினான்கு வயதுக்குட்பட்ட கலைஞர்களுக்கான மத்திய அரசின் 2017-ஆம் ஆண்டு விதிகளை ஒவ்வொரு பெற்றோரும் அறிந்திருக்க வேண்டும். நாளொன்றுக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது. இடைவேளையின்றி மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. தொடர்ந்து 27 நாட்களுக்கு மேல் நடிக்க வைத்தலும் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, ஊதியத்தில் குறைந்தது 20 விழுக்காடு, குழந்தையின் பெயரிலேயே தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்புத்தொகையாக, அதாவது குழந்தை பதினெட்டு வயதை எட்டும்போது கைக்கு வரும் பணமாக, இடப்படவேண்டும். படப்பிடிப்புக்கு அனுமதி வழங்கும் மாவட்ட ஆட்சியர், படம் முடிந்ததும் அந்த வங்கிச் சீட்டையும் கேட்டு வாங்கிப் பார்க்க வேண்டும் என்பதே இவ்வவையின் கோரிக்கை.