விடுமுறைப் பாடமும் நம் கடமையும்
(நமது சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய உபந்நியாசம்)



விடுமுறை யென்பது மாணவர் மனம் இளைப்பாறுதற்கன்றோ ஏற்பட்டது? ஆயினும், அரையாண்டுப் பரீட்சை முடிந்து இல்லம் திரும்பும் சிறுவன், எழுதவேண்டிய பாடங்களையும் செய்யவேண்டிய மாதிரி உருவங்களையுமே சுமந்து வருகின்றான். செல்வர் அவற்றைக் கடையில் விலைக்கு வாங்கிக் கொடுக்கின்றனர். கூலி வேலைக்குச் செல்லும் தாயின் மகனோ, பள்ளி திறக்கும் நாளன்று வெறுங்கையுடன் தலைகுனிந்து நிற்கின்றான். இது சோதிப்பது பிள்ளையின் அறிவையா, பெற்றோரின் பணப்பையையா?

முதலிரண்டு வகுப்புக் குழந்தைகட்கு வீட்டுப்பாடமே கூடாதென்று 2018-ஆம் ஆண்டில் சென்னை உயர்நீதிமன்றம் ஆணையிட்டது. மத்திய அரசாங்கத்தின் 2020-ஆம் ஆண்டுப் புத்தகப்பைக் கொள்கையும் அதனையே கூறி, 3 முதல் 5 வரையுள்ள வகுப்புகட்கு வாரம் 2 மணி நேரத்திற்கு மேற்படலாகாதென வரையறுத்தது. விதி யிருந்தும் பயனென்ன? பாடம் மிகுந்த பள்ளியே உயர்ந்த பள்ளி யென நாமன்றோ மயங்குகின்றோம்!

ஆதலின் ஆசிரியர்களை அணுகி, காசு வேண்டாத பாடம் தருமாறு பணிவுடன் வேண்டுவோம். நடுப்பகல் நிழலின் நீளத்தை நாடோறும் அளந்தெழுதுதல், பாட்டியிடம் பழைய நெல்வகைகளின் பெயர்களைக் கேட்டெழுதுதல் ஆகியவற்றிற்குக் கண்ணும் காதுமே போதும். நம் சங்கக் கட்டடத்தையும் விடுமுறையில் மாலைதோறும் இத்தெருவின் எல்லாச் சாதிப் பிள்ளைகட்கும் திறந்துவைப்போம். படித்த இளைஞர் இருவர் உடனிருந்து உதவட்டும். அடுத்த விடுமுறை முடிவில் ஒரு பிள்ளையும் தலைகுனியா திருக்குமாக!