செம்மண் சாலை எந்த நாட்டுப் படம்?

(கிள்ளானில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, திரைப்படக் காட்சிக்கு முன்பு ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



வழக்கமாக நான் உங்கள் முன் நின்றால் பிறப்புப் பத்திரம், சிவப்பு ஐ.சி., வீடு உடைப்பு, லாக்கப் என்றுதான் பேசுவேன். இன்று என்ன வக்கீல் சினிமாவைப் பற்றிப் பேச வந்துவிட்டார் என்று பின்வரிசையில் ஓர் அண்ணன் சிரிப்பது எனக்குத் தெரிகிறது. கவலைப்படாதீர்கள் அண்ணே, சுற்றி வந்து கடைசியில் சட்டத்தில்தான் நிற்பேன்.

இன்னும் சற்று நேரத்தில் இந்தத் திரையில் நீங்கள் பார்க்கப் போவது தீபக் குமாரன் மேனன் இயக்கிய 'செம்மண் சாலை'. 2005இல் வெளிவந்த படம். 1960களில் ஒரு ரப்பர் தோட்டம். அங்கே சாந்தா என்றொரு பெண். பல்கலைக்கழகம் போய்ப் படிக்க வேண்டும் என்பது அவள் ஆசை. கதை அவ்வளவுதான். சண்டை கிடையாது, குத்தாட்டம் கிடையாது. இயக்குநர் தம் தாயார் சொன்ன தோட்டத்து நினைவுகளை வைத்து எழுதிய கதை இது.

இங்கே உட்கார்ந்திருக்கும் பாட்டிமார்களைக் கேட்கிறேன். விடியுமுன் பிரட்டுக்களத்தில் பெயர் கூப்பிட நின்றது, தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு மரம் சீவியது, ஒட்டுப்பால் நாற்றம் போகாத கையால் பிள்ளைக்குச் சோறு ஊட்டியது, இதையெல்லாம் எந்தத் திரையில் பார்த்தீர்கள்? ஐம்பது வருடம் நாம் டிக்கெட் வாங்கிப் பார்த்ததெல்லாம் மதுரையும் மெட்ராசும்தான். அதில் தவறில்லை, நானும் விசில் அடித்தவன்தான். ஆனால் நம் லயத்து வீட்டைத் திரையில் காட்ட நம் பிள்ளை ஒருவர் வரும்வரை நாம் காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்தப் படத்துக்கு எங்கே மரியாதை கிடைத்தது தெரியுமா? ஹாலந்து நாட்டின் ரோட்டர்டாம் திரைப்பட விழாவில் காட்டினார்கள். பிரான்சு நாட்டின் நாந்த் நகரில் நடக்கும் மூன்று கண்டங்களின் திரைப்பட விழாவில் நடுவர்களின் சிறப்பு விருது கிடைத்தது. வாழ்நாளில் ஒரு ரப்பர் மரத்தைப் பார்த்திராதவர்கள் நம் சாந்தாவின் கதையை உட்கார்ந்து பார்த்தார்கள்.

இரண்டு வருடம் கழித்து அவர் 'சலங்கை' எடுத்தார். இந்த முறை தோட்டம் இல்லை, பிரிக்பீல்ட்ஸ். பூக்கடை வைத்துப் பிழைக்கும் ஒரு தாய், கார் கழுவும் மகன், பரதம் கற்க ஆசைப்படும் சின்ன மகள். சுற்றிலும் பழைய பிரிக்பீல்ட்ஸ் மாறிக்கொண்டிருக்கிறது. இரயில்வேக்காரர்கள் வாழ்ந்த ஊர் அது. பழைய இரயில்வே நிலத்தில் கேஎல் சென்ட்ரல் எழுந்து 2001இல் திறக்கப்பட்டது. 2010 அக்டோபரில் இந்தியப் பிரதமர் மன்மோகன் சிங்கும் நம் பிரதமர் நஜிப்பும் வந்து 'லிட்டில் இந்தியா' என்று திறந்து வைத்தார்கள். வளைவும் விளக்கும் நன்றாகத்தான் இருக்கின்றன. பூக்கட்டும் அக்காவுக்கு அதே தெருவில் வாடகை கட்ட முடிகிறதா என்பதுதான் என் கேள்வி. 'சலங்கை' அதற்கு முன்பே, 2007இலேயே, அந்தக் குடும்பத்தைப் படம் பிடித்துவிட்டது. அதுவும் ரோட்டர்டாமுக்குப் போனது.

சரி, வெளிநாட்டில் மேடை கிடைத்தது. சொந்த நாட்டில்?

உள்நாட்டுப் படம் எடுப்பவர்களுக்குக் கேளிக்கை வரியைத் திருப்பித் தரும் சலுகை ஒன்று அப்போது இருந்தது. அதைப் பெற வேண்டுமானால் வசனத்தின் பெரும்பகுதி தேசிய மொழியில் இருக்க வேண்டும் என்று நிபந்தனை. யோசித்துப் பாருங்கள். எடுத்தவர் மலேசியர். நடித்தவர்கள் மலேசியர்கள். தோட்டம் மலேசியத் தோட்டம், மழைகூட மலேசிய மழை. ஆனால் சாந்தா தன் அம்மாவிடம் தமிழில் பேசுகிறாள். 1960களின் தோட்டத்தில் ஒரு தமிழ்ப் பெண் தன் தாயிடம் வேறு எந்த மொழியில் பேசியிருப்பாள்?

இதில் ஒரு வேடிக்கையைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. நாம் இன்று பெருமையோடு தேசிய சினிமா என்று சொல்கிறோமே, அந்த மலாய் சினிமாவை ஆரம்பத்தில் கட்டிக் கொடுத்தவர்களில் பலர் இந்தியாவிலிருந்து பிழைக்க வந்த இயக்குநர்கள். 1930களில் 'லைலா மஜ்னூன்' எடுத்தவர் பி.எஸ். ராஜான்ஸ். 1957இல் 'பொந்தியானாக்' எடுத்து ஊரையே பயமுறுத்தியவர் பி.என். ராவ். பி. ரம்லீயை முதன்முதலாகக் கதாநாயகனாக்கிய 'பக்தி' படத்தை 1950இல் இயக்கியவர் எல். கிருஷ்ணன். சென்னையில் பிறந்து பினாங்கில் வளர்ந்தவர். இவர்கள் மலாயில் எடுத்ததை நாடு தன்னுடையது என்று ஏற்றுக்கொண்டது, அது நியாயம்தான். அதே நாட்டில் பிறந்த பிள்ளை தன் தாயின் கதையைத் தாய்மொழியில் சொன்னால் மட்டும் ஏன் இத்தனை கணக்கு?

அடுத்து வந்தவர் சஞ்சய் குமார் பெருமாள். அவருடைய 'ஜகாட்' 2015 டிசம்பரில் வெளிவந்தது. பல வருடம் காத்திருந்து, கடன்பட்டு, நண்பர்களோடு சேர்ந்து எடுத்த படம். 'ஜகாட்' என்றால் என்னவென்று உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. 'ஜாஹாட்' என்ற மலாய்ச் சொல் நம் வாயில் அப்படித்தான் ஆனது. நம் பிள்ளைகளை நாமே எத்தனை முறை அப்படித் திட்டியிருப்போம்! 1990களின் தொடக்கம். தோட்டத்தை விட்டு வந்து புறம்போக்கில் பலகை வீடு போட்ட குடும்பம். அப்போய் என்ற பன்னிரண்டு வயதுப் பையன், கெட்டிக்காரன், ஆனால் பள்ளிக்கூடத்துக்கு அடங்காதவன். படி படி என்று அடிக்கும் அப்பா. குண்டர் கும்பலில் ஒரு சித்தப்பா, போதையிலிருந்து மீண்ட இன்னொரு சித்தப்பா. முடிவை நான் சொல்லப்போவதில்லை. ஜாமீன் மனு போட நான் நிற்கிற ஒவ்வொரு காலையிலும் கூண்டுக்குள் ஓர் அப்போயைப் பார்க்கிறேன் என்பதை மட்டும் சொல்கிறேன். குற்றப்பத்திரிகையில் அவன் பெயரும் ஐ.சி. எண்ணும் இருக்கும். அவன் அப்பா எந்தத் தோட்டத்திலிருந்து எப்போது வெளியேற்றப்பட்டார் என்பது இருக்காது.

2016இல் ஃபினாஸ் நடத்திய 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் என்ன செய்தார்கள்? சிறந்த படம், இயக்குநர், திரைக்கதை ஆகிய விருதுகளைத் தேசிய மொழிக்கு ஒன்று, மற்ற மொழிகளுக்கு ஒன்று என்று பிரித்து, 'ஜகாட்'டையும் 'ஓலா போலா'வையும் இரண்டாவது வரிசையில் உட்கார வைத்தார்கள். 'ஓலா போலா' எதைப் பற்றியது? 1980 ஒலிம்பிக்கிற்குத் தகுதி பெற்ற நம் தேசியக் காற்பந்துக் குழுவைப் பற்றியது! ஸ்பைடர்மேன் ஆறுமுகம் கோல் காத்த குழு! மூன்று இனமும் சேர்ந்து விளையாடியதைச் சொன்ன படத்துக்கே அந்த நிலை.

இப்போது சட்டத்துக்கு வருகிறேன். அரசியலமைப்பின் 152ஆவது பிரிவு மலாய் தேசிய மொழி என்கிறது. அதை நாம் மதிக்கிறோம். அதே பிரிவு, அதிகாரப்பூர்வக் காரியங்களுக்கு அல்லாமல் வேறு மொழியைப் பயன்படுத்துவதையோ கற்பதையோ கற்பிப்பதையோ யாரும் தடுக்கக் கூடாது என்றும் சொல்கிறது. சினிமா என்ன அரசாங்கக் கடிதமா? ஆனால் உங்களை ஏமாற்ற எனக்கு விருப்பமில்லை. பாகுபாடு கூடாது என்னும் 8(2) பிரிவில் சமயம், இனம், வம்சாவளி, பிறந்த இடம், பாலினம் என்று பட்டியல் உண்டு. மொழி அதில் இல்லை. ஒரு விருதுப் பிரிவுக்காக இதை நீதிமன்றத்துக்குக் கொண்டு போயிருந்தால் வழக்கு வருடக்கணக்கில் இழுத்திருக்கும், தோற்கவும் வாய்ப்பு உண்டு.

மாற்றியது வழக்கு இல்லை, மக்கள் குரல். அதில் முதல் வரிசையில் நின்றவர்கள் யார் என்பதை மறக்காதீர்கள். மூத்த ஒளிப்பதிவாளர் முகமட் நோர் காசிம், தாம் வாங்கிய கோப்பைகளையே திருப்பிக் கொடுத்தார். நடிகர் அஃப்லின் ஷவ்கி விழாவைப் புறக்கணிப்பதாக அறிவித்தார். மலாய்க் கலைஞர்கள்! ஏற்பாட்டாளர்கள் இறங்கி வந்து, சிறந்த மலேசியத் திரைப்படம் என்ற விருதை எல்லா மொழிக்கும் திறந்துவிட்டார்கள். தேசிய மொழிக்கெனத் தனி விருது ஒன்றும் வைத்தார்கள். அந்த ஆண்டு செப்டம்பரில் சிறந்த மலேசியத் திரைப்படம் என்று அறிவிக்கப்பட்டது 'ஜகாட்'. ஒரு தமிழ்ப் படம்.

சந்தோஷம்தான். ஆனால் விருது வாங்கிய படத்துக்கும் அரங்கம் நிரம்ப வேண்டும். ரஜினி படத்துக்கு நள்ளிரவுக் காட்சிக்குக் குடும்பத்தோடு வரிசையில் நிற்கும் நாம், நம் பிள்ளை எடுத்த படம் என்றால் 'சிடி வரட்டும், பார்க்கலாம்' என்றோம். முதல் வாரம் காற்றாடினால் தியேட்டர்காரர் எடுத்துவிடுவார். அவருக்கு இனப்பற்று கிடையாது, வாடகைதான் உண்டு. இந்தக் குறைக்கு ஃபினாஸைக் கை காட்ட முடியாது.

இன்னொரு வேண்டுகோள். வீட்டில் பழைய சம்பளச் சீட்டு, செக்ரோல் அட்டை, தோட்டத்துத் திருவிழாப் படம் இருந்தால் எரித்துவிடாதீர்கள், கறையான் தின்ன விடாதீர்கள். வீடு உடைப்பு வழக்குகளில் எங்களுக்கு அவை பலமுறை உதவியிருக்கின்றன. நாளை இன்னொரு பிள்ளை கேமராவோடு வந்து, 'பாட்டி, அந்தக் காலத்தில் எப்படி இருந்தது?' என்று கேட்டால் எடுத்துக் கொடுங்கள்.

படம் ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம் ஓடும். பின்னால் தேநீரும் வடையும் இருக்கின்றன, முடிந்த பிறகு. சின்னப் பிள்ளைகள் முன்னால் பாயில் வந்து உட்காரட்டும். விளக்கை அணைக்கலாம், தம்பி.