பொருள் தந்தவர்

நல்லதொரு திரைப்படத்தைக் கண்டு மகிழ்ந்தவர் நடிகரை நினைப்பர். சற்று ஆழ்ந்து நோக்குபவர் நெறியாளரை நினைப்பர். பொருள் தந்தவரை நினைப்பவர் அரியர். 1965ஆம் ஆண்டு புதுடில்லித் திரைப்பட விழாவிலே 'கம்பெரலிய' தங்க மயில் விருது பெற்றபோது, லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் புகழ் இலங்கையெங்கும் பரவிற்று. அம்முயற்சிக்குத் துணிந்து முதலிட்ட அன்ரன் விக்கிரமசிங்கவை அறிந்தோர் சிலரே.

இத்தகைய புரவலருள் தலையாய ஒருவர் அயலிலுள்ள கேரளத்தின் கொல்லம் நகரிலே வாழ்ந்தார். அவர் பெயர் கே. இரவீந்திரநாதன் நாயர். இலங்கையர் கஜு என வழங்கும் முந்திரிப்பருப்பை ஏற்றுமதி செய்வது அவர் தொழில். 1967இல் படத் தயாரிப்பிலே இறங்கினார். 1973இல் வெளிவந்த 'அச்சாணி' நல்ல இலாபம் தந்தது. அப்பணத்தைக் கொண்டு கொல்லத்திலே பொது நூலகம் ஒன்றை எழுப்பினார். 'அச்சாணி இரவி' என்றே மக்கள் அவரை அழைக்கலாயினர்.

பின்னர் அவர் தெரிந்தெடுத்த வழி கடினமானது. இறப்பர் வாரியத்தில் அலுவலராயிருந்த கேலிச்சித்திரக்காரர் அரவிந்தன், இராமகாதையைப் புதுமுறையிலே படமாக்க விரும்பினார். இராமனாகவும் இலக்குவனாகவும் நடிப்போர் ஆந்திரத்துப் பழங்குடியினர்; சீதையோ பெண்ணுருவில் தோன்றாள்; காற்றும் நீரும் மரங்களுமே சீதை. இக்கதைக்கு எந்த வணிகர் பணம் கொடுப்பார்? இரவீந்திரநாதன் கொடுத்தார். 1977இல் 'காஞ்சன சீதை' வெளிவந்தது. தொடர்ந்து 'தம்பு', 'கும்மாட்டி', 'எஸ்தப்பான்', 'போக்குவெயில்' ஆகிய நான்கு படங்களுக்கும் அரவிந்தனுக்குத் துணைநின்றார். அடூர் கோபாலகிருஷ்ணனின் 'எலிப்பத்தாயம்' அவர் தயாரித்ததே. 1982இல் பிரித்தானியத் திரைப்படக் கழகத்தின் சதர்லாந்து விருது அதற்குக் கிடைத்தது. 1994இல் வந்த 'விதேயன்' வரை அவர் தயாரித்த படங்கள் பதினான்கு.

தக்கவரைத் தேர்ந்து, பொருளை ஒப்படைத்து, கதையிலும் ஆக்கத்திலும் தலையிடாது ஒதுங்கி நிற்றல் அவர் முறை. செல்வர் பலர் உளர். ஒதுங்கி நிற்கத் தெரிந்த செல்வர் சிலரே. அச்செல்வமும் வானத்திலிருந்து வீழ்ந்ததன்று. கொல்லத்து ஆலைகளிலே முந்திரிக்கொட்டையை உடைத்துத் தோலுரிப்போர் பெரும்பாலும் பெண்களே. உழைக்கும் கைகளால் விளைந்த பொருளில் ஒரு பகுதியேனும் ஊருக்கு நூலகமாகவும் கலையாகவும் திரும்புதல் வேண்டும். அது கொடையன்று, கடன் எனலாம்.

இரவீந்திரநாதன் 2023ஆம் ஆண்டு யூலை மாதம், தொண்ணூறாவது வயதிலே காலமானார். அதற்கு முன்னரே, புதுப்பிக்கப்பட்ட 'தம்பு' 2022இல் பிரான்ஸ் நாட்டின் கான் விழாவிலே திரையிடப்பட்டது. படம் வெளிவந்து அப்போது நாற்பத்துநான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. இறப்பர்க் கன்றை நடுபவர் ஆறேழு ஆண்டுகள் பொறுத்திருந்தே பால் காண்பர் என்பதை நிவித்திகலத் தோட்டத்து மக்கள் நன்கறிவர். கலைக்கு முதலிடுபவருக்கு அதனினும் நெடிய பொறுமை வேண்டும்.