கண்டு கற்போம்

(சங்கத்தின் வெள்ளி விழாவில் அரசு உயர்நிலைப் பள்ளித் தலைமை ஆசிரியர் ஒருவர் ஆற்றிய உரை)



இருபத்தைந்து ஆண்டுகளாக இச்சங்கம் நம் பிள்ளைகளுக்குத் தேர்வுக் கட்டணம் கட்டியிருக்கிறது. பாடநூல் வாங்கித் தந்திருக்கிறது. மாலை வகுப்பு நடத்தியிருக்கிறது. அதன் பயனை இந்தப் பந்தலில் அமர்ந்திருக்கும் ஆசிரியர்களும் செவிலியர்களும் எழுத்தர்களுமே சொல்வார்கள். நான் சொல்ல வேண்டியதில்லை. என்னைக் "கல்வியும் கலையும்" என்ற பொருளில் பேசுமாறு பணித்துள்ளார்கள். பெரிய தலைப்பு அது. ஆதலின் அதைச் சிறிதாக்கிக்கொண்டு, பத்து இளைஞர்களோடு மதுரை நகரில் ஒரு நாள் நடந்த நடையைப் பற்றி மட்டும் பேச விரும்புகிறேன்.

அதற்கு முன் ஒரு பழைய கணக்கைச் சொல்லிவிட வேண்டும். 1982ஆம் ஆண்டு. நான் எட்டாம் வகுப்பு மாணவன். எங்கள் பள்ளியிலிருந்து மதுரைக்குச் சுற்றுலா அழைத்துச் சென்றார்கள். கோவில் வாசலை அடைந்ததும், செருப்புகளையும் சாப்பாட்டு மூட்டைகளையும் பார்த்துக்கொள்ள மூன்று பேர் வெளியே இருக்க வேண்டும் என்றார்கள். அந்த மூவரில் நானும் ஒருவன். மற்ற இருவரும் எங்கள் தெருப் பிள்ளைகளே. யாரும் எங்களை வைது பேசவில்லை. சாதியின் பெயரைச் சொல்லவுமில்லை. எண்ணிப் பார்த்தபோது கணக்கு மட்டும் அப்படி வந்திருந்தது. ஒன்றரை மணி நேரம் செருப்புக் குவியலுக்கு அருகில் அமர்ந்து கோபுரத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அந்தப் பள்ளி எது, அந்த ஆசிரியர் யார் என்பது இன்று முக்கியமன்று. சட்டம் திறந்துவிட்ட கதவை ஒரு சிறிய ஏவல் மீண்டும் சாத்திவிட முடியும் என்பதே முக்கியம்.

அந்தக் கதவு திறந்த வரலாறு நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? 1939ஆம் ஆண்டு ஜூலை 8ஆம் நாள், மதுரை அ. வைத்தியநாத ஐயர், ஒடுக்கப்பட்ட சமூகத்தைச் சேர்ந்த ஐவரையும், நம் விருதுநகரைச் சேர்ந்த சண்முக நாடாரையும் உடன் அழைத்துக்கொண்டு மீனாட்சியம்மன் கோவிலுக்குள் சென்றார். அந்த ஐவரில் ஒருவர் மேலூரை அடுத்த தும்பைப்பட்டியில் பிறந்த பூ. கக்கன். அன்று கோவிலுக்குள் அடியெடுத்து வைக்கவே போராட வேண்டியிருந்த அந்த இளைஞர், 1963 முதல் 1967 வரை இம்மாநிலத்தின் உள்துறை அமைச்சராக விளங்கினார். நுழைவுக்குப் பின் கடும் எதிர்ப்பு எழுந்தது. பட்டர்கள் சிலர் பூசை செய்ய மறுத்தனர். உள்ளே சென்றவர்களையும் அழைத்துச் சென்றவர்களையும் வழக்குகளிலிருந்து காக்க, இராஜாஜி அமைச்சரவை அவசரச் சட்டம் பிறப்பிக்க வேண்டியதாயிற்று. பின்னர் 1947இல் மாகாணம் முழுவதற்குமான ஆலய நுழைவுச் சட்டம் வந்தது; 1950இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 17ஆம் விதி தீண்டாமையையே ஒழித்தது. 1939க்கும் 1982க்கும் இடையே நாற்பத்து மூன்று ஆண்டுகள். அத்தனை ஆண்டுகள் கழித்தும் மூன்று சிறுவர்கள் வாசலில் அமர்ந்திருந்தார்கள்.

தலைமை ஆசிரியரான பின், என் மாணவர்களை நான் உள்ளே அழைத்துச் செல்வேன் என்று உறுதி பூண்டேன். முதன்முறை நாற்பத்திரண்டு பேரை அழைத்துச் சென்றேன். தலைகளை எண்ணுவதிலேயே பாதிப் பொழுது போயிற்று. மீதிப் பொழுது நான் கத்தியதில் போயிற்று. திரும்பும் வழியில், "என்ன தம்பி பார்த்தாய்?" என்று ஒருவனைக் கேட்டேன். "முன்னால் போனவன் முதுகைப் பார்த்தேன் ஐயா, சுண்டல் நன்றாக இருந்தது" என்றான். அவன் பொய் சொல்லவில்லை. தோற்றது அவனும் அல்லன், நான்தான்.

ஆகவே அடுத்த முறை பத்துப் பேர் மட்டும் என்று வரையறுத்தேன். ஒருவர் தாழ்ந்த குரலில் பேசினால் பத்துப் பேருக்குக் கேட்கும். ஒரு தூணைச் சுற்றிப் பத்துப் பேர் நிற்கலாம். யார் முகம் வாடியிருக்கிறது என்பதும் தெரிந்துவிடும். தீபாவளி முடிந்து பட்டாசு ஆலைகள் மூடியிருந்த நாட்களில் ஒன்றைத் தேர்ந்தோம். மற்ற நாட்களில் கூலியை விட்டுவிட்டு வர அந்தப் பிள்ளைகளால் இயலாது. கல்லூரியில் படிப்போர் அறுவர். சிவகாசி வட்டாரத்து ஆலைகளில் வேலை செய்துகொண்டே தொலைவழியில் படிப்போர் நால்வர். விடியற்காலை இரயிலேறி மதுரையில் இறங்கினோம். ஆளுக்கு ஒரு நோட்டுப் புத்தகம், ஒரு பென்சில். கோவிலுக்குள் 2018 முதல் கைபேசிக்குத் தடை உள்ளது. அதை நான் ஒரு நன்மையாகவே கொண்டேன். படம் பிடிக்க முடியாதபோது கண் வேலை செய்யத் தொடங்குகிறது.

மதுரை நகரமே ஒரு பாடநூல். கோவிலை நடுவில் வைத்து ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி எனத் திங்களின் பெயரால் வீதிகள் ஒன்றையொன்று சூழ்ந்து நிற்கின்றன. வெளியிலிருந்து உள்ளே நடப்பவன் தாமரையின் இதழ்களை ஒவ்வொன்றாக விலக்கிச் செல்வதைப் போலச் செல்கிறான். ஆனால் அந்த அடுக்கு அழகுக்காக மட்டும் அமைந்ததன்று. யார் எந்த வீதியில் குடியிருக்கலாம், யார் எதுவரை நடக்கலாம் என்ற ஒழுங்கும் அதில் ஒரு காலத்தில் அடங்கியிருந்தது. எனவே பிள்ளைகளிடம் இரண்டு கேள்விகளை மட்டும் கொடுத்தேன். எதைக் கண்டாலும், "இதைச் செய்த கை யாருடையது?" என்று கேளுங்கள், "இதைக் காண முடியாதிருந்தவர் யார்?" என்றும் கேளுங்கள்.

முதலில் மேல மாசி வீதியில் ஒரு வீட்டின் முன் நின்றோம். 1921 செப்டம்பர் 22ஆம் நாள், காந்தியடிகள் முழு உடையைத் துறந்து அரையாடை பூண்டது அங்கேதான். ஏழை உழவனின் உடையைத் தாம் ஏற்றுக்கொண்ட அந்த மதுரையில், எல்லோருக்கும் திறவாத கோவிலுக்குள் தாமும் செல்வதில்லை என்றிருந்த அவர், 1946இல்தான் மீனாட்சியம்மன் கோவிலுக்குள் சென்றார். இதைச் சொன்னபோது ஓர் இளைஞர், "ஐயா, அண்ணல் அம்பேத்கர் ஆலய நுழைவையே பெரிதாகக் கருதவில்லையே?" என்று கேட்டார். நல்ல கேள்வி. 1930இல் நாசிக்கில் காலாராம் கோவில் நுழைவுப் போராட்டத்தை நடத்தியவர் அண்ணல்தான். ஆனால் 1933இல், கோவில் கதவு திறந்தால் மட்டும் போதாது, உயர்கல்வியும் நல்ல வேலையும் வாழ்க்கை வசதியுமே நம் மக்களை உயர்த்தும் என்று தெளிவாக எடுத்துரைத்தவரும் அவரே. இரண்டையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்றேன். நாம் இன்று வழிபடச் செல்கிறோமா இல்லையா என்பது அவரவர் மனத்தைப் பொறுத்தது. காணும் உரிமையும் கற்கும் உரிமையும் அனைவர்க்கும் பொது.

பின்னர் ஆயிரங்கால் மண்டபத்தை அடைந்தோம். நாயக்கர் காலத்தில் அரியநாத முதலியார் எழுப்பிய மண்டபம் அது. பெயர் ஆயிரங்கால், உள்ள தூண்கள் 985. முதல் பத்து நிமிடம் நான் எதுவும் பேசவில்லை. ஆளுக்கு ஒரு சிற்பத்தைத் தேர்ந்து, அதன் முன் நின்று, கண்டதை வரையவோ எழுதவோ சொன்னேன். அந்தப் பத்து நிமிட அமைதிதான் அன்றைய நாளின் சிறந்த பாடம் என்று இன்றும் கருதுகிறேன்.

சரவெடி பின்னும் வேலை செய்யும் ஒரு பெண் குறத்திச் சிற்பத்தின் முன் நின்றார். நேரம் முடிந்தும் அவர் நகரவில்லை. அருகில் சென்றேன். "ஐயா, இந்தக் கூடையைப் பாருங்கள். பின்னல் ஒரே கல்லில் வெட்டியது. ஆனாலும் மேலே போகும் இழை எது, கீழே போகும் இழை எது என்று தெரிகிறது. இதைச் செதுக்கியவர், கூடை முடைகிறவரின் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்க வேண்டும். இல்லையென்றால் இப்படி வராது" என்றார். முப்பது ஆண்டுகளாக ஆசிரியனாக இருக்கிறேன். அந்தச் சிற்பத்தைப் பலமுறை கண்டிருக்கிறேன். அந்தப் பின்னலை நான் கண்டதில்லை. நாள்தோறும் திரியைப் பின்னும் விரல்களுக்கு அது தெரிந்தது. கலையை நுகரப் படிப்பு வேண்டும், பரம்பரை வேண்டும் என்று சொல்வோர்க்கு அந்தப் பெண்ணே விடை. உழைக்கும் கைக்குத் தெரிந்த நுணுக்கம் பட்டம் பெற்ற கண்ணுக்குத் தெரிவதில்லை.

அதன்பின் பிள்ளைகள் பேசத் தொடங்கினார்கள். கல்லை மலையிலிருந்து பிளந்தவர் யார், வண்டியில் ஏற்றியவர் யார், சுண்ணாம்பு சுட்டவர் யார் என்று ஒருவர்க்கொருவர் கேட்டுக்கொண்டார்கள். அரசர் பெயரும் அமைச்சர் பெயரும் நிற்கின்றன. மற்றவர்களின் கைவேலை நிற்கிறது, பெயர் நிற்கவில்லை. பெயரற்ற அந்தக் கைகளுக்கும் நமக்கும் உள்ள உறவை அன்று அவர்கள் உணர்ந்தார்கள்.

பிற்பகலில் வைகையைக் கடந்து, தமுக்கத்தில் 1959இல் திறக்கப்பட்ட காந்தி நினைவு அருங்காட்சியகத்தைக் கண்டோம். மாலையில் ஊர் திரும்பினோம். நடை அத்துடன் முடியவில்லை. நம் தெருவில் பறை இசைக்கும் பெரியவர் ஒருவரின் வீட்டுத் திண்ணையில்தான் அதை முடித்தோம். கோவிலில் இசைத்தூண்களை வியந்து கேட்ட அதே பத்துப் பேர், பறையைத் தீயில் காய்ச்சித் தோலை இறுக்குவதையும், அடிக்குச்சியும் சிம்புக்குச்சியும் வெவ்வேறாகப் பேசுவதையும் அருகிருந்து கேட்டார்கள். தொல்காப்பியம் பறையை நிலத்தின் கருப்பொருள்களுள் ஒன்றாக வைத்து எண்ணுகிறது. அந்தப் பெரியவர் முதலில் தயங்கினார். "சாவு வீட்டுக்குத்தானே தம்பி இதைக் கூப்பிடுவார்கள், படிக்கிற பிள்ளைகளுக்கு எதற்கு?" என்றார். இசைத்து முடித்தபோது பிள்ளைகள் எழுந்து நின்று கை கூப்பினார்கள். அவர் நெடுநேரம் ஒன்றும் சொல்லவில்லை.

அன்பர்களே, வெள்ளி விழாவை ஒட்டி இச்சங்கத்திடம் ஒரு வேண்டுகோளை வைக்கிறேன். ஆண்டுக்கு நான்கு முறை இத்தகைய நடையை நடத்துவோம். ஒரு குழுவில் பத்துப் பேருக்கு மேல் வேண்டாம். முதலில் பார்ப்பது, பிறகு கேட்பது என்ற முறையை விட வேண்டாம். உறுதியாகத் தெரிந்ததை மட்டும் சொல்லுவோம். கேள்விப்பட்ட கதையை வரலாறு என்று சொல்ல வேண்டாம். வழிபடுவோரின் மனம் புண்படப் பேச வேண்டாம். நம் வரலாற்றைச் சொல்லத் தயங்கவும் வேண்டாம். ஒருமுறை நடந்தவர் அடுத்த முறை வழிகாட்டியாக நடக்க வேண்டும். அந்தச் சரவெடி பின்னும் பெண்ணையே அடுத்த நடைக்கு வழிகாட்டியாக இருக்குமாறு கேட்டிருக்கிறேன். இசைந்திருக்கிறார். நான் பின்வரிசையில் நடப்பேன்.

இறுதியாக ஒன்று. நம் பிள்ளைகள் எங்கே சென்றாலும், செருப்பைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டியிருந்தால், அந்த வேலையை முறை வைத்துப் பகிர்ந்துகொள்ளுங்கள். முதல் முறையை ஆசிரியர் எடுத்துக்கொள்ளட்டும். அன்று மதுரையில் நான் அப்படித்தான் செய்தேன். கால் மணி நேரம் செருப்புகளுக்கு அருகில் அமர்ந்திருந்தேன். உள்ளே சென்ற பத்துப் பேரும் எனக்காக ஆயிரங்கால் மண்டபத்தில் காத்திருந்தார்கள்.