திருச்செங்கோட்டு இரவும் பொன்னாவின் சம்மதமும்



திகில் புதினம் என்றதும் பாழடைந்த மாளிகையும் நள்ளிரவும் நினைவுக்கு வருவது இயல்பே. எனினும், 1764இல் ஹொரேஸ் வால்போல் எழுதிய ‘ஒட்ராண்டோ கோட்டை’ தொடங்கி ஐரோப்பாவில் வளர்ந்த ‘கோதிக்’ வகைப் புதினம், அதாவது முன்னோர் செய்த கொடுமை பின்வந்தோரைத் துரத்துவதையும் அடைபட்ட வீட்டுக்குள் ஒருவர் சிக்கித் தவிப்பதையும் மையமாகக் கொண்ட கதைமரபு, பேயைக் காட்டிலும் மனிதரின் வெறிகொண்ட பற்றையே ஆழமாக ஆராய்ந்திருக்கிறது. 1897இல் வெளிவந்த பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’வில், வீட்டாருள் ஒருவர் அழைத்தாலன்றி இரத்தக்காட்டேரி முதன்முறை வாசற்படி தாண்ட முடியாது என்றொரு விதி உண்டு. அதே புதினத்தில், காட்டேரியால் இரத்தம் இழந்த லூசி என்னும் பெண்ணைக் காப்பாற்றுவதற்காக நான்கு ஆண்கள் அடுத்தடுத்துத் தங்கள் இரத்தத்தை அவள் உடலில் ஏற்றுகிறார்கள். அவளை யாரும் கேட்பதில்லை, அவளை மணக்கவிருப்பவனுக்கும் மற்றவர்கள் இரத்தம் கொடுத்தது மறைக்கப்படுகிறது. காட்டேரிக்குத் தேவைப்பட்ட அனுமதி அன்புடையோருக்குத் தேவைப்படவில்லை என்பதுதான் அப்புதினத்தில் உண்மையிலேயே நடுங்கவைக்கும் இடம்.

இந்த நடுக்கத்தைத் தமிழில் மிகக் கூர்மையாக எழுதிய புதினம் கொங்கு மண்ணிலேயே பிறந்தது. கோபிசெட்டிபாளையத்திலிருந்து ஈரோடு வழியாகக் காவிரியைக் கடந்தால் வந்துவிடும் திருச்செங்கோட்டைக் களமாகக் கொண்டு பெருமாள்முருகன் எழுதி 2010இல் வெளிவந்த ‘மாதொருபாகன்’ பேய்க்கதையன்று. ஆயினும் கோதிக் மரபின் உறுப்புகள் யாவும் அதில் உள்ளன. காட்டில் ஒரு பெண்ணுக்கு முன்னோர் இழைத்த கொடுமையால் குலத்தின்மீது படிந்ததாகச் சொல்லப்படும் சாபம், மலையுச்சியில் பிள்ளையில்லாதோர் உயிரைப் பணயம் வைத்துச் சுற்றிவரும் வறடிக்கல், ஊராரின் ஏச்சுக்கு அஞ்சிக் கதைநாயகன் காளி ஒதுங்கிக்கொள்ளும், கால்நடைகளை அடைக்கும் தொண்டுப்பட்டி என்று ஒவ்வொன்றும், இடிந்த கோட்டையின் துணையில்லாமலே, அச்சத்தின் உருவங்களாகின்றன.

காளியும் பொன்னாவும் மணமாகிப் பன்னிரண்டு ஆண்டுகளாகியும் பிள்ளையில்லாத இணையர். திருச்செங்கோட்டுத் தேர்த்திருவிழாவான தேர்நோம்பியின் குறிப்பிட்ட ஓர் இரவில், கூட்டத்தில் எதிர்ப்படும் முன்பின் அறியாத ஆணைச் சாமியாகவே கருதிக் கூடினால் பிள்ளைவரம் வாய்க்கும் என்பது புதினத்தில் வரும் வழக்கம். இவ்வழக்கத்தைச் சித்திரித்ததை முன்னிட்டே 2014ஆம் ஆண்டின் இறுதியில் பெரும் எதிர்ப்பு எழுந்ததும், எழுத்தாளன் இறந்துவிட்டான் என்று 2015 ஜனவரியில் ஆசிரியர் அறிவித்ததும், 2016 ஜூலை 5 அன்று சென்னை உயர் நீதிமன்றம் எழுத்துரிமையைக் காத்துத் தீர்ப்பளித்ததும் பலரும் அறிந்தவை. அந்தப் பெரும் சர்ச்சையில், ஊரின் பெயர் காக்கப்பட்டதா, எழுத்தாளரின் உரிமை காக்கப்பட்டதா என்ற இரு கேள்விகளே ஓங்கி ஒலித்தன. புதினத்தின் நடுவே நிற்கும் பொன்னாவின் உடல் யாருடைய பேச்சிலும் போதிய இடம் பெறவில்லை என்பது வருந்தத்தக்கது.

அந்த இரவுக்குப் பொன்னாவை அனுப்பக் காளி மறுத்துவிடுகிறான். பொன்னாவின் பெற்றோரும் உடன்பிறந்தான் முத்துவும் மாமியாரும் சேர்ந்து, காளி இசைந்துவிட்டான் என்று அவளை நம்பவைக்கிறார்கள். முத்து காளியைக் குடிக்க அழைத்துச் சென்றுவிட, பொன்னா வண்டியேறுகிறாள். அவளை யாரும் கையைப் பிடித்து இழுக்கவில்லை, மிரட்டவில்லை. பாசமும் கவலையும் உடையவர்களே பொய் சொன்னார்கள். அதனால் அதைச் சம்மதம் எனக் கொள்ளலாமா? 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 90ஆம் பிரிவும், அதன் இடத்தில் 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 28ஆம் பிரிவும், உண்மையைத் தவறாகப் புரிந்துகொண்டு ஒருவர் அளித்த இசைவு, அதை எதிராளி அறிந்திருக்கும்போது, இசைவாகாது என்கின்றன. அதாவது, வாய் சொன்ன ‘சரி’ மட்டும் போதாது; எதற்குச் ‘சரி’ சொல்லப்பட்டதோ அது மெய்யாக இருந்திருக்க வேண்டும்.

இதைவிடவும் ஆழமான காயம் ஒன்று புதினத்தில் உண்டு. எல்லாரும் முதலில் கேட்பது காளியின் அனுமதியை. பொன்னாவின் இசைவும் கணவன் இசைந்தான் என்ற செய்தியின்மேலேயே நிற்கிறது. தன்னுடலைப் பற்றித் தானே முடிவெடுக்கும் உரிமை, அதாவது உடல்மீதான தன்னுரிமை, அவளுக்கு உண்டென்று அவ்வீட்டில் எவரும் எண்ணவில்லை. காளியின் மறுப்புக்கூட அவளுக்காக எழுந்த மறுப்பன்று, உடைமையை இழக்க அஞ்சும் மனத்தின் மறுப்பு. அவன் அன்பு பொய்யன்று என்பதால்தான் இந்த உடைமை உணர்வு மேலும் அச்சுறுத்துகிறது. இன்றும், 1971ஆம் ஆண்டின் மருத்துவ முறைக் கருக்கலைப்புச் சட்டம் வயதுவந்த பெண்ணின் இசைவு மட்டுமே போதும் என்று சொல்லியிருக்க, கணவனின் கையொப்பம் எங்கே என்று கேட்கும் பழக்கம் ஓய்ந்தபாடில்லை.

புதினம், உண்மையறிந்த காளி பூவரச மரத்தடியில் நிற்கும் நிலையில், அவன் என்ன ஆனான் என்று சொல்லாமலே முடிகிறது. பின்வந்த ‘ஆலவாயன்’ காளி இறந்ததாகவும் ‘அர்த்தநாரி’ அவன் பிழைத்ததாகவும் கொண்டு இருவேறு வழிகளில் கதையைத் தொடர்கின்றன. பிழைத்த காளி பொன்னா தனக்கு இரண்டகம் செய்துவிட்டதாக எண்ணி அவளை மௌனத்தால் தண்டிக்கிறான். பொய் சொன்னவர்கள் பலர் இருக்க, அந்தப் பொய்யை நம்பியவளே ஒவ்வொரு நாளும் தண்டனையைச் சுமக்கிறாள்.